கனடாவுக்கு அனுப்பப்பட்ட கதாபாத்திரங்கள்

காலை ஏழு மணி பத்து நிமிடம். வெள்ளவத்தையில் கடற்கரைப் பக்கமாக நிற்கும் ஒரு தொடர்மாடியின் மூன்றாம் மாடி. எங்கள் தொலைக்காட்சித் தொடருக்காக வாடகைக்கு எடுத்திருந்த வீட்டுக்குள் நுழைந்தபோது நான் முதலில் கண்டது கபிரியேல் அண்ணரை. தொடரில் அப்பாவாக நடிப்பவர் அவர். வேட்டியும் பெனியனுமாக நாற்காலியில் இருந்து, அன்றைய பத்திரிகையின் உட்பக்கத்தில் ஒரு காகிதத் துண்டை ஒட்டிக்கொண்டிருந்தார். ஓரங்களை விரலால் நீவிவிட்டு, பத்திரிகையைக் கைநீட்டிய தூரத்தில் பிடித்துப் பார்த்தார்.

“என்ன அண்ணை, பேப்பர் ஒட்டுறியள்?”

“கிழிஞ்சு போச்சு தம்பி.”

பத்திரிகை கிழிந்திருக்கவில்லை. துண்டில் இருந்தது அன்று காலை எடுக்கவிருந்த காட்சியில் அவர் பேசவேண்டிய வசனம். கையெழுத்து என்னுடையது.

இதை இப்போது எழுதக் காரணம் ஒரு கேள்வி. இணையத்துக்குத் தொடர் எழுதும் இளையவர்கள் சிலர் அண்மையில் கொட்டாஞ்சேனையில் ஒரு மண்டபத்துக்கு என்னை அழைத்திருந்தார்கள். அதில் ஒரு பெண் எழுந்து, “ஒரு நடிகர் பாதியில நிண்டா நீங்க என்ன செய்தனீங்கள் சேர்? இப்ப எங்களுக்குக் கொம்பியூட்டரில அவற்ற முகத்தைச் செய்து தாறம் எண்டு சொல்லுறாங்கள்” என்று கேட்டார். “கனடாவுக்கு அனுப்பினோம்” என்றேன். மண்டபம் சிரித்தது. அதற்கு மேல் நேரம் இருக்கவில்லை. விடையின் மிகுதி இது.

நான் திரைக்கதை எழுதப் படித்தவன் அல்லன். பத்திரிகையில் துணை ஆசிரியராக இருந்து, நீதிமன்றச் செய்திகளைச் சுருக்கிப் பழகி, பிறகு வானொலி நாடகத்துக்கு வந்து, அங்கிருந்து தொலைக்காட்சிக்குப் போனவன். ஒரு சிறிய திரைப்படமும் எழுதினேன். அது இரண்டு வாரம் ஓடியது. என் தொழிலை எனக்குச் சொல்லித் தந்தவர் நிகழ்ச்சித் தயாரிப்பாளர் அருளானந்தம். அவர் சொல்லித் தந்தது ஒரே ஒரு கேள்வியைத்தான்.

பிரதியை அவர் கையில் வாங்க மாட்டார். எழுதியவனே எதிரில் இருந்து உரக்க வாசிக்கவேண்டும். அவர் மூக்குக் கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்து, கண்களை மூடி, வலது கையை மேசைமேல் வைத்திருப்பார். பிழை வரும் இடத்தில் மோதிர விரல் ஒருமுறை தட்டும். என் முதற் பிரதியில், மனைவி கணவனிடம், “உங்கட தங்கச்சி ராணி லண்டனுக்குப் போனவதானே” என்று சொல்கிறாள். விரல் தட்டியது.

“தன்ர தங்கச்சி லண்டனில இருக்கிறது அந்த மனுசனுக்குத் தெரியாதா?”

“அவருக்குத் தெரியும் சேர். பாக்கிற ஆக்களுக்குத் தெரியாதே.”

“அது உம்மட கஷ்டம். அதை ஏன் அவள்ர வாயில திணிக்கிறீர்?”

தெரிந்தவருக்குத் தெரிந்ததைச் சொல்லக்கூடாது. கேட்கும்போது இலகுவான விதி. ஆனால் ஒரு குடும்பத்துக்குள் எல்லோருக்கும் எல்லாம் தெரியும். பிறகு எதைத்தான் பேசவைப்பது? சில வாரங்கள் நான் வேறு எதுவும் செய்யாமல் வெள்ளவத்தைச் சந்தையிலும், பேருந்திலும், என் வீட்டுச் சுவருக்கு அப்பாலும் ஆட்கள் கதைப்பதைக் கேட்டேன். தெரிந்ததையே மனிதர்கள் திரும்பச் சொல்வது சண்டையில்தான் என்று கண்டுகொண்டேன். “உங்கட தங்கச்சியை லண்டனுக்கு அனுப்பினது ஆற்ற நகையில?” என்று அடுத்த பிரதியில் அதே மனைவி கேட்டாள். அருளானந்தம் சேரின் விரல் அசையவில்லை.

இனி கனடா. எங்கள் தொடர்களில் நடிப்பவர்கள் முழுநேர நடிகர்கள் அல்லர். வங்கியிலும், பாடசாலையிலும், புடைவைக் கடையிலும் வேலை பார்ப்பவர்கள். இடமாற்றம் வரும், கல்யாணம் வரும், இயக்குநரோடு மனஸ்தாபம் வரும். நடிகர் போனால் பாத்திரமும் போகவேண்டும். சாகடிப்பது செலவு. பெட்டி, பந்தல், அழுவதற்கு ஆட்கள், அழுதவர்களுக்குச் சாப்பாடு. இரவுச் சாப்பாட்டு நேரத்தில் செத்தவீடு காட்டினால் பார்க்கிறவர்களும் ஏசுவார்கள். கனடாவுக்கு அனுப்ப ஒரு மண்ணிறச் சூட்கேசும், வாசலில் ஒரு கண்ணீரும், “பிளேன் ஏறியிட்டாராம்” என்று ஒரு வரியும் போதும். கோபம் தீர்ந்து நடிகர் திரும்பி வந்தால் பாத்திரமும் திரும்பி வரலாம். செத்தவரை அப்படிக் கூப்பிட முடியாது.

ஒரே தொடரில் ஆறேழு பேரை அனுப்பியிருக்கிறோம். சூட்கேஸ் எல்லோருக்கும் ஒன்றுதான். சந்தையில் எனக்கு மரக்கறி விற்பவர் ஒருநாள் தராசை நிறுத்திவிட்டுக் கேட்டார்: “அண்ணை, உங்கட நாடகத்தில எல்லாருக்கும் விசா கிடைக்குது. எங்கட பொடியனுக்கு மட்டும் ஏன் ரெண்டு தரம் றிஜெக்ட்?”

பத்திரிகையில் ஒட்டிய துண்டைக் கண்ட நாளிலிருந்து நான் கபிரியேல் அண்ணரைக் கவனிக்கத் தொடங்கினேன். முன்னாள் துறைமுக எழுதுவினைஞர். கொட்டாஞ்சேனையில் தேவாலயத்துக்குப் பின்னால் உள்ள ஒழுங்கையில் தனியாக இருந்தார். மனைவி காலமாகிவிட்டார். இயேசுவின் பாடுகளைக் காட்டும் பாஸ்கா நாடகங்களில் பிலாத்துவாக நின்று பெயர் எடுத்தவர், பக்கம் பக்கமாக மனப்பாடம் செய்தவர். இப்போது ஒவ்வொரு காட்சியிலும் கையில் பத்திரிகை வேண்டும் என்று கேட்டார். சாப்பாட்டு மேசைக் காட்சியிலும் கேட்டார்.

இன்னொன்றையும் கண்டேன். அந்த வீட்டுக்குக் கீழே கடலோர ரயில் பாதை. ஒலியை அந்த இடத்திலேயே பதிவுசெய்வதால், ரயில் வந்தால் எல்லோரும் அப்படியே நின்று, சத்தம் அடங்கிய பிறகு தொடர்வோம். ரயில் போன கையோடு எடுத்த காட்சிகளில் அவர் ஒரு சொல்லும் பிசகவில்லை. ரயில் வராத நேரத்துக் காட்சிகளில் நடுவழியில் நின்றார். ரயில் போகும் நேரத்தில் அவர் என்ன செய்கிறார் என்று பார்த்தேன். பத்திரிகையை விரித்து வாசித்துக்கொண்டிருந்தார்.

இயக்குநர் சுதன் இளைஞர். நல்ல வேலைக்காரர், ஆனால் பொறுமை குறைவு. “அண்ணை, ஒரு நாளைக்கு எட்டு சீன் எடுக்கவேணும். நேற்று இவரோட மூண்டு. சூட்கேசை எடுங்கோ” என்றார்.

“கொஞ்சம் பொறுங்கோ, பாப்பம்.”

“எத்தனை கோச்சிக்குப் பொறுக்கிறது அண்ணை? அவருக்கு வசனம் கோச்சியிலதான் வருகுது.”

அப்படியென்றால் ரயிலின் சங்கதியைச் சுதனும் கண்டிருந்தார்.

அன்று மாலை கபிரியேல் அண்ணர் என்னைக் கடற்கரை வீதிக்குக் கூட்டிப்போனார். கருங்கல் அணையில் இருந்தோம்.

“பேப்பரில ஒட்டினதைப் பாத்திட்டாய், என்ன?”

“பாத்தனான்.”

“கனடாவுக்கு அனுப்பப் போறியளாமே.”

“கதை அடிபடுது அண்ணை. முடிவில்லை.”

“நீ என்னை ஒருக்கா அனுப்பினா, மகன் என்னை ரெண்டாந்தரம் அனுப்பிப்போடுவான் தம்பி.”

கனடாவில், ஸ்காபரோவில் இருக்கும் மகன் அவருக்குரிய பத்திரங்கள் எல்லாவற்றையும் தயார் செய்திருந்தாராம். ஞாயிறுதோறும் எப்போது வருகிறீர்கள் என்று கேட்பாராம். இவர், “சூட்டிங் இருக்குடா” என்பாராம். அந்த ஒரு பதிலில்தான் இரண்டு வருடம் ஓடியிருந்தது.

“அவன் எங்கட நாடகத்தை யூடியூப்பில பாக்கிறவன். அதில நான் சூட்கேசைத் தூக்கிக்கொண்டு போனா, அடுத்த நாள் டிக்கெட் வரும்.”

“அங்க போய் மகனோட இருக்கிறதில என்ன அண்ணை கஷ்டம்?”

“போனமுறை நாலு மாசம் இருந்தனான். குளிர் ஒரு பிரச்சினையே இல்லை, உடுப்புப் போடலாம். ஆனா ஒருத்தனோடயும் சண்டை பிடிக்க ஏலாது. மருமகள் சாப்பாடு தந்திட்டு, ‘மாமா ஓகேயா?’ எண்டுவா. ஓகே எண்டுவன். அங்க எல்லாம் ஓகே. கொட்டாஞ்சேனையில காலமை பாண் வாங்கிக்கொண்டு வாறதுக்குள்ள நான் மூண்டு பேரோட கொளுவியிடுவன். நாலாவது ஆள் என்னோட கொளுவுவான்.” பிறகு கடலைப் பார்த்தபடி, “என்னை அனுப்பிப்போடாத” என்றார்.

நான் வாக்குக் கொடுக்கவில்லை. ஆனால் அவர் சொன்னதில் ஒன்று என் மனதில் நின்றது. வீட்டுக்குப் போய், அவர் தடுமாறிய காட்சிகளையும் தடுமாறாதவற்றையும் அருகருகே வைத்து வாசித்தேன். பெயர்கள், ஊர்கள், நேரங்கள் வந்த இடங்களில் நின்றிருந்தார். நீளமான அறிவுரைகளில் நின்றிருந்தார். ஆனால் மறுத்துப் பேசும் வரிகளில், ஏச்சில், குத்தலில் ஓரிடத்திலும் நிற்கவில்லை. யாராவது சீண்டினால் விடை தானாக வந்தது. நான் எழுதியதைவிடச் சில இடங்களில் நல்ல விடை வந்திருந்தது.

அதனால் அப்பாவைச் சண்டைக்காரர் ஆக்கினேன். அவருக்குரிய தகவலை எல்லாம் மற்றவர்களுடைய வரிகளுக்குள் வைத்தேன். முன்பு அவர், “வியாழக்கிழமை மாப்பிள்ளை வீட்டார் பதுளையிலிருந்து வருகிறார்கள்” என்று சொல்லவேண்டியிருந்த இடத்தில், இப்போது மகள், “வியாழக்கிழமை பதுளையில இருந்து மாப்பிள்ளை வீட்டுக்காரர் வரேக்க இந்தப் பெனியனோடயே இருக்கப் போறியள் அப்பா?” என்று கேட்டாள். அவர் பெனியனைப் பற்றி மட்டும் கோபித்தால் போதும்.

மகளாக நடித்தவர் வாசுகி. ஹட்டன் பக்கத்துத் தேயிலைத் தோட்டத்திலிருந்து வந்து, வெள்ளவத்தையில் புடைவைக் கடையில் வேலை பார்த்தவர். திரையில் யாழ்ப்பாணத் தமிழ். கமெரா நின்றதும் ஊர்த் தமிழ். நான் எதுவும் விளக்காமலே அவருக்கு விஷயம் புரிந்தது. கபிரியேல் அண்ணர் நின்றுவிட்டால், எழுதாத ஒரு சீண்டலைப் போடுவார். “என்ன அப்பா, பதிலில்லையோ?” என்பார். பதில் வந்துவிடும்.

“எப்பிடிப் பிள்ளை கண்டுபிடிச்சனீர்?” என்று கேட்டேன்.

“கடைக்கு வாரவங்க சேர். சாரி வேணாம்னு போறவங்கள, ‘ஒங்களுக்கு இந்தக் கலர் சரிவராது’ன்னு ஒரு வார்த்த சொன்னா போதும். திரும்பி வந்து பேசுவாங்க” என்றார்.

சில வாரங்களில் சுதனுக்கு எட்டுக் காட்சிகள் கிடைத்தன. சந்தையில் அந்த அப்பாவின் வாயைப் பற்றிக் கதைத்தார்கள். ஆனால் இந்தப் பிரதிகளை நான் அருளானந்தம் சேருக்கு வாசிக்கவேண்டியிருந்தது. சண்டையாக எழுத முடியாத ஒரு காட்சி வந்தது. மகள் அப்பாவிடம் அமைதியாகச் சொல்கிறாள்: “அப்பா, நேற்று மாமா வந்தவர். காணி விக்கிற விஷயமாக் கதைச்சனீங்கள்.”

விரல் தட்டியது.

“நேற்றுக் கதைச்சது அவருக்குத் தெரியாதா?”

“இப்ப தெரியாது சேர்.”

அவர் கண்ணைத் திறந்தார். மேசையில் கிடந்த மூக்குக் கண்ணாடியை எடுத்துப் போட்டுக்கொண்டு என்னைப் பார்த்தார்.

“ஆருக்கு? அந்த மனுசனுக்கோ, கபிரியேலுக்கோ?”

“ரெண்டு பேருக்கும் எண்டு வையுங்கோ சேர்.”

“எவ்வளவு நாளா?”

சொன்னேன். அவர் கண்ணாடியைத் திரும்பவும் கழற்றி மேசையில் வைத்தார். “வாசியும்” என்றார். அன்றைக்குப் பிறகு அப்பா வரும் காட்சிகளை வாசிக்கும்போது வலது கையை மேசையிலிருந்து எடுத்து மடியில் வைத்துக்கொண்டார். மற்றக் காட்சிகளுக்குக் கை மேசைக்குத் திரும்பும்.

அந்த அப்பாவுக்கே மறதி நோய் என்று கதையை மாற்றினால் என்ன என்று கேட்டவரும் அவர்தான். கெட்டிக்கார யோசனை. நான் கபிரியேல் அண்ணரிடம் சொன்னேன். அவர் ரசித்துச் சிரித்தார்.

“மறதிக்காரனா நடிக்கிறதுக்கு நல்ல ஞாபகம் வேணும் தம்பி. எந்த இடத்தில மறக்கவேணுமெண்டு நினைவிருக்கவேணுமே!”

அந்தப் பேச்சு அதோடு முடிந்தது.

மழைக்காலம் தொடங்கியபோது ஒரு நாள். வாசுகி தேநீர் கொண்டுவரும் காட்சி. விளக்குகளைச் சரிசெய்யச் சிறிது நேரம் எடுத்தது. விளக்குகள் வந்த பெரிய தகரப் பெட்டிகள் சுவரோரம் அடுக்கியிருந்தன. கபிரியேல் அண்ணர் நாற்காலியிலிருந்து எழுந்து, அந்தப் பெட்டிகளுக்குக் கிட்டப் போய், மேற்பெட்டியைக் கையால் தட்டினார். பிறகு விளக்குக்காரர் நிமலிடம் திரும்பி, அதிகாரக் குரலில் சிங்களத்தில் கேட்டார்.

“மல்லி, மே பெட்டி மொன நெவென்த?”

தம்பி, இந்தப் பெட்டிகள் எந்தக் கப்பலில் வந்தவை என்பது, துறைமுகத்தில் கேட்கும் கேள்வி. சுதன் என்னைப் பார்த்தார். நிமல் நுகேகொடைக்காரர், நாற்பது வயதைத் தாண்டிய, அதிகம் பேசாத மனிதர். அவர் கையிலிருந்த வயரைச் சுற்றியபடியே சொன்னார்.

“நெவ தாம ஆவே நே, அங்கல்.”

கப்பல் இன்னும் வரவில்லை. கபிரியேல் அண்ணர் தலையை ஆட்டி, அது சரியான விடைதான் என்பதுபோலத் திரும்பி வந்து இருந்தார். ரயில் ஒன்று போனது. அது போய்ச் சத்தம் அடங்கும்போது அவர் எங்கள் முகங்களை ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டிருந்தார். கடைசியாக வாசுகியின் முகத்தைப் பார்த்தார்.

“பிள்ளை, நான் என்ன சொன்னனான்?”

“ஒண்ணுமில்ல அங்கிள்.”

“இல்லையெண்டா நீ ஏன் அழுறாய்?”

அன்று மிச்சக் காட்சிகளை எடுத்து முடித்தோம். அவர் எதிலும் பிசகவில்லை. வீடு திரும்பும்போது லிப்ட் வேலை செய்யாததால் படிகளில் இறங்கினோம். இரண்டாம் மாடித் திருப்பத்தில் கைபிடியைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

“தம்பி, நான் மகனுக்குச் சொல்லப் போறன். டிக்கெட் போடட்டும்.”

“அண்ணை, இன்னும் கொஞ்ச நாள் சமாளிக்கலாம். வாசுகி இருக்கிறா.”

“அந்தப் பிள்ளை நடிக்க வந்தது. என்னை மேய்க்க வரேல்லை.” மூச்சு வாங்கினார். “ஒண்டு கேக்கிறன். நான் போறன். அவரை அனுப்பாத.”

“ஆரை?”

“அப்பாவை. அந்த மனுசனுக்கு ஒரு குறையுமில்லை. நல்லாச் சண்டை பிடிக்கிறார். நான்தான் சரியில்லை. நான் சரியில்லையெண்டு அவரை ஏன் வீட்டை விட்டு அனுப்பவேணும்? அவர் வெள்ளவத்தையில இருக்கட்டும்.”

மகன் வந்து அவரைக் கூட்டிப்போனார். விமான நிலையத்துக்கு நான் போகவில்லை. அன்று படப்பிடிப்பு இருந்தது.

ஆள் இல்லாமல் ஒருவரை வீட்டுக்குள் வைத்திருப்பது எப்படி? என் தொழிலில் நான் சந்தித்த மிகச் சுவாரசியமான கேள்வி அது. வேறு நடிகரைப் போட சுதன் விரும்பினார். அருளானந்தம் சேர் மறுத்துவிட்டார். குரலை வேறொருவரைக் கொண்டு பேசவைக்க நான் மறுத்தேன். அப்பா உள் அறையில் சுகமில்லாமல் படுத்திருக்கிறார் என்று வைத்தோம். முதல் பிரதியில் மகளின் தம்பி வீட்டுக்குள் வந்ததும் மகள், “அப்பா உள்ளுக்குப் படுத்திருக்கிறார்” என்கிறாள்.

விரல் தட்டியது. கை மேசைக்குத் திரும்பியிருந்ததை அப்போதுதான் கவனித்தேன்.

“அந்த வீட்டிலேயே இருக்கிறவனுக்கு அது தெரியாதா?”

வரியை வெட்டினேன். பிறகு வந்த எந்தக் காட்சியிலும் அப்பாவைப் பற்றி ஒருவரும் எதுவும் சொல்லவில்லை. பக்கத்து அறையில் நோயாளி இருக்கும் வீடுகளில் என்ன நடக்கிறது என்று பார்க்க இரண்டு வீடுகளுக்குப் போய் இருந்தேன். அங்கே நோயாளியைப் பற்றி எவரும் கதைப்பதில்லை. கதவுக்குக் கிட்ட வரும்போது குரல் தாழ்கிறது, தாண்டியதும் உயர்கிறது. கரண்டி விழுந்தால் எல்லோரும் ஒரே பக்கம் பார்க்கிறார்கள். இவற்றை நடிகர்களுக்கு எழுதிக் கொடுத்தேன். கதவு அரைவாசி திறந்திருந்தது. உள்ளே மின்விசிறி சுழன்றது. கல்யாணமாகி வந்து, கோபத்தில் கத்தத் தொடங்கிய மருமகன் அந்தக் கதவைப் பார்த்துவிட்டுக் குரலை இறக்கியபோது, அப்பா அங்கே இருந்தார்.

சாப்பாடு என்ற ஒன்று மிச்சமாக இருந்தது. இரவுக் காட்சிகளில் வாசுகி இடியப்பமும் சொதியும் போட்ட தட்டோடு உள் அறைக்குப் போவார். முன்னறையில் மற்றவர்களின் பேச்சு நடக்கும். பேச்சு முடியும்போது அவர் வெறும் தட்டோடு வெளியே வரவேண்டும். கமெராவை நிறுத்தாமல் அதை ஒரே ஷொட்டில்தான் எடுப்பேன் என்பதில் சுதன் பிடிவாதமாக இருந்தார்.

தொடர் முடியும்வரை அந்த அறைக்குள் கட்டிலில் இருந்து அப்பாவின் சாப்பாட்டைச் சாப்பிட்டவர் விளக்குக்காரர் நிமல்.